ஹுய்லாய் என்றானா, ஹுய்லான் என்றானா

பூமி ஆடியது என்னவோ ஒரு கொட்டாவி விட்டு முடிக்கிற நேரம்தான். அதற்குப் பிறகு யூலான் பட்ட பாடுதான் ஓயவே இல்லை.

மத்தியானச் சாப்பாட்டுக் கும்பல் கலைந்ததும் கீழே டோஃபு கடையைச் சாத்திவிட்டு அவள் மூன்றாம் மாடி வீட்டுக்கு வந்திருந்தாள். புருஷன் பாவ்செங் சோபாவில் வாயைத் திறந்தபடி தூங்கிக்கொண்டிருந்தான். அவள் சமையலறையில் மிளகாய் எண்ணெய் ஜாடியைத் துடைத்துக்கொண்டிருந்தபோது அலமாரிக்குள் கிண்ணங்கள் தங்களுக்குள் ஏதோ முணுமுணுத்தன. ஷிமென் ஊர்க்காரிக்கு அதற்கு மேல் யாரும் எதுவும் சொல்ல வேண்டியதில்லை. ஜாடியை எங்கே போட்டாள் என்று அவளுக்குத் தெரியாது. கதவைத் திறந்ததும் தெரியாது. படிக்கட்டில் இறங்கி முதல் திருப்பத்துக்கு வந்தபோதுதான் மேலேயிருந்து பாவ்செங்கின் குரல் கேட்டது.

"ஹுய்லா...!"

கடைசி எழுத்து காதில் விழவில்லை. கட்டடம் போட்ட சத்தத்தில் அது அமுங்கிவிட்டது. ஆனால் அவள் நின்றுவிட்டாள். படிக்கட்டு காலுக்குக் கீழே குலுங்குகிறது, மேல்மாடிக்காரர்கள் இடித்துத் தள்ளிக்கொண்டு ஓடுகிறார்கள், இவள் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு மேலே பார்த்தபடி நிற்கிறாள். ஒரு தடவை மலையே இடிந்து விழுந்து பிழைத்தவள், இரண்டாம் தடவை பூமி ஆடும்போது நின்று யோசிக்கிறாள் என்றால் பைத்தியம் என்றுதான் சொல்வார்கள். பாவ்செங் ஓடிவந்து கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனான்.

சதுக்கத்தில் ஊரே கூடியிருந்தது. எங்கள் ஊரைத் திரும்பக் கட்டிக்கொடுத்தவர்கள் கடலோர மாகாணத்துக்காரர்கள். வீடுகளைச் சின்னதாகவும் சதுக்கத்தைப் பெரிதாகவும் கட்டிவிட்டுப் போனார்கள் என்று அப்போது கேலி செய்தோம். ஆடும்போதுதான் அதன் அருமை தெரியும். முடிதிருத்தும் மொட்டை லூ கையில் சவரக்கத்தியோடு நின்றான். பக்கத்திலேயே பாதி முகத்தில் நுரையோடு அவன் வாடிக்கையாளர். ஒரு வீட்டிலிருந்து மாஜோங் மேஜையையே தூக்கிக்கொண்டு வந்துவிட்டார்கள்; ஜெயிக்கிற ஆட்டமாம், பாதியில் விட மனசு வரவில்லையாம். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. கூரையில் அலங்காரத்துக்கு வைத்திருந்த வெள்ளைக் கல் விழுந்து யாருடைய ஸ்கூட்டரோ நசுங்கியது, அவ்வளவுதான். அதனால் எல்லாரும் அளவுக்கு மீறிச் சத்தமாகச் சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

நாலாம் மாடி பாங் அக்கா மூச்சிரைக்க வந்து யூலானின் தோளில் தட்டினாள்.

"உன் வீட்டுக்காரனுக்கு என்ன தொண்டைடி! எனக்கு அங்க தூக்கிவாரிப் போட்டுச்சு. அந்தப் பேரைச் சொல்லி அவன்..." என்று ஆரம்பித்தவள் சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

"எந்தப் பேரைக்கா?"

"பேரா? பேருன்னு யாரு சொன்னா? திரும்பி வான்னு கத்தினான்னு சொல்ல வந்தேன். ஹுய்லாய்னுதானே கத்தினான்? எனக்கு இந்தப் பக்கத்துக் காது வேற மந்தம்."

பாங் அக்காவின் காது எப்படிப்பட்டது என்று எல்லாருக்கும் தெரியும். எதிர்க்கட்டடத்துப் புருஷன் பெண்டாட்டி சண்டையை ஒரு வார்த்தை விடாமல் மறுநாள் ஒப்பிப்பவள் அவள்.

ஹுய்லாய் என்றால் எங்கள் பாஷையில் திரும்பி வா. ஹுய்லான் என்பது பாவ்செங்கின் முதல் பெண்டாட்டியின் பெயர். பழைய ஷிமென் மேல் மலை சரிந்த அன்றைக்குப் பஜார் தெருவில் இருந்தவள். இன்றும் அங்கேதான் இருக்கிறாள். யாரும் தோண்டி எடுக்கவில்லை.

புது ஊரில் பாதிக் குடும்பங்கள் அப்படி மிச்சமிருந்தவர்கள் சேர்ந்து உண்டானவைதான். பெண்டாட்டியை இழந்தவனும் புருஷனை இழந்தவளும் தகரக் கொட்டகை முகாமில், இரண்டு பேருக்கு ஒரு அடுப்பு போதுமே என்று சேர்ந்துகொண்டார்கள். யாரும் அதைத் தப்பாகப் பேசவில்லை. ஆனால் புது வீட்டுச் சாவியை வாங்கியபோது எல்லாரும் சொல்லிவைத்த மாதிரி ஒன்று செய்தார்கள். பழைய பெயர்களை வாசலுக்கு வெளியிலேயே விட்டுவிட்டார்கள். கல்லறை நாளன்று செத்தவர்களுக்காகத் தெருமுனையில் காகிதம் கொளுத்தும்போது அந்தப் பெயர்களைச் சொல்லலாம். வீட்டுக்குள் கூடாது. யூலான் வெளியே விட்டுவந்தவை இரண்டு, ஒரு புருஷனுடையது, ஒரு சின்னப் பையனுடையது. பதிமூன்று வருஷமாகச் சமையலறையில் தனியாக இருக்கும்போதுகூட அவை அவள் வாயிலிருந்து வந்ததில்லை. நான் வெளியே விட்டுவிட்டு வந்தேனே, இவன் மட்டும் எப்படிக் கொண்டுவரலாம் என்பதுதான் அவள் வயிற்றெரிச்சல்.

அன்று சாயங்காலம் சாப்பிடும்போது கேட்டாள்.

"மத்தியானம் என்ன கத்தினே?"

"எப்போ?"

"எப்போன்னா கேக்குறே? ஊரே ஆடினப்போ."

"ஹுய்லாய்னு கத்தினேன். நீ படிக்கட்டுப் பக்கம் ஓடினே. படிக்கட்டுதான் முதல்ல விழும்னு பயிற்சியில எத்தனை தடவை சொல்லியிருக்காங்க? உள்சுவரோரம் குந்தணும்னு..."

"அப்புறம் நீ ஏன் உள்சுவரோரம் குந்தாம என் பின்னாலயே ஓடியாந்தே?"

பாவ்செங் சோற்றுக் கிண்ணத்துக்குள் முகத்தை விட்டுக்கொண்டான். பெண்டாட்டிக்கு அடங்கியவனை எங்கள் பக்கம் மெத்துக்காதன் என்போம். அதற்கு ஒரு போட்டி வைத்தால் முதல் பரிசு பாவ்செங்குக்குத்தான். பொய் சொல்லத் தெரியாதவன். அதுதான் அவளுக்குத் தலைவலியாக இருந்தது. அவன் பொய் சொன்ன மாதிரியும் இல்லை, உண்மை சொன்ன மாதிரியும் இல்லை. என்ன கத்தினோம் என்று அவனுக்கே தெரியவில்லை என்பது முகத்தில் அப்பட்டமாகத் தெரிந்தது.

மறுநாளிலிருந்து அவளுக்கு ஓரிடத்தில் இருப்புக் கொள்ளவில்லை. கடையில் நின்றால் வீட்டுக்குப் போக வேண்டும் போலிருக்கும். வீட்டுக்குப் போனால் சுவர்கள் நெருக்குவது போலிருந்து கீழே இறங்கிவிடுவாள். இறங்கும்போது அந்தத் திருப்பத்தில் கால் தானாக நின்றுவிடும். காய்ச்சிய சோயாப் பாலைத் திரிய வைக்க உப்புநீரை விடும்போது கை பதறக் கூடாது. அவள் கை பதறியது. டோஃபு ஒருநாள் கல்லாக வந்தது, இன்னொரு நாள் கஞ்சியாக வந்தது.

"யூலான், இதை மெல்லணுமா, குடிக்கணுமா?" என்று ஒரு லாரி டிரைவர் கேட்டான்.

"புடிக்கலைன்னா எதிர்க்கடையில போய் நூடுல்ஸ் தின்னு. உன்னை யாரும் கட்டி வெக்கல."

வழக்கமாக அவளும் சிரித்துவிடுவாள். அன்றைக்குச் சிரிக்கவில்லை. டிரைவர் கிண்ணத்தை வைத்துவிட்டு எழுந்து போனான்.

மொட்டை லூவின் கடையில் இதைப் பற்றிப் பெரிய விவாதமே நடந்தது. லாய் கட்சி, லான் கட்சி என்று இரண்டாகப் பிரிந்துவிட்டார்கள். ஆண்பிள்ளைகள் எல்லாரும் சத்தியம் செய்து லாய் என்றார்கள். முடி சுருட்டிக்கொள்ள வந்த பெண்கள் அத்தனை பேரும் லான் என்றார்கள். யூலான் நேராக உள்ளே போய் நின்றதும் கடையில் ஒரே அமைதி.

"நீ என்னடா கேட்டே?" என்று லூவைக் கேட்டாள்.

"எனக்கு ஒண்ணுமே கேக்கலக்கா. என் கையில கத்தி, கத்திக்குக் கீழ இன்னொருத்தன் கழுத்து. நான் அந்தக் கழுத்தைப் பாப்பேனா, உங்க வீட்டுச் சத்தத்தைக் கேப்பேனா?"

ஊரிலேயே இவன் ஒருத்தன்தான் நியாயஸ்தன் என்று நினைத்துக்கொண்டே வெளியே வந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில், கேட்டுப் பார்த்துப் பயனில்லை, சோதித்தே பார்த்துவிடுவது என்று முடிவு செய்தாள். பாவ்செங்கை வாசலில் நிறுத்திவிட்டு, படியிறங்கிப் போய் அந்தத் திருப்பத்தில் நின்றாள்.

"ம், கத்து."

"என்னன்னு?"

"முதல்ல ஹுய்லாய்னு."

பாவ்செங் மேல்பள்ளத்தாக்கில் பிறந்தவன். அந்தப் பக்கத்து ஆட்கள் சொல்லின் வாலை மூக்குக்குள்ளேயே விட்டுவிடுவார்கள். அவன் கத்தியது "ஹுய்லா" என்றுதான் வந்தது.

"பயந்துபோனவன் மாதிரி கத்து! மாடு மேய்க்கிறவன் மாதிரி கத்தாதே."

மறுபடி கத்தினான். இன்னும் கொஞ்சம் உயர்த்திக் கத்தினான். ஒவ்வொரு மாடியிலும் கதவு திறந்தது. "யாரு வீட்டு நாய் ஓடிப்போச்சு?" என்று மேலேயிருந்து ஒருவர் கேட்டார். தெருவில் போய்க்கொண்டிருந்த லூ, "வந்துட்டேண்டா பாவ்செங், கதவைத் திற!" என்று பதில் குரல் கொடுத்தான். கட்டடமே சிரித்தது. பாவ்செங்கின் காது சிவந்துவிட்டது.

"இப்ப இன்னொண்ணு. அதைக் கத்து."

அவன் முகத்தில் ஈயாடவில்லை.

"மாட்டேன்."

"ஏன்?"

"நம்ம வாசல்ல நின்னு அந்தப் பேரை நான் சொல்ல மாட்டேன். நீ அடிச்சாலும் சொல்ல மாட்டேன்."

அந்த ஒரு பதிலில் அவளுக்குப் பாதிக் கோபம் இறங்கிவிட்டது. மேலே ஏறி வந்திருந்தால் அன்றோடு விஷயம் முடிந்திருக்கும். ஆனால் வாய் சும்மா இருக்கவில்லை.

"சரி. அப்ப என் பேரைச் சொல்லிக் கத்து."

பாவ்செங் வாயைத் திறந்தான். ஒன்றும் வரவில்லை. எச்சிலை விழுங்கிவிட்டு மறுபடி திறந்தான். அப்போதும் வரவில்லை.

அவள் நின்று யோசித்தாள். ஏய் என்பான். இந்தா என்பான். மகள் பிறந்தபிறகு நிங்நிங் அம்மா என்பான். எங்கள் பக்கத்தில் புருஷன் பெண்டாட்டி பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொள்வதில் எந்தக் கூச்சமும் கிடையாது, சண்டை வந்தால் குடும்பப் பெயரையும் சேர்த்து முழுசாகவே திட்டுவோம். இந்த மனுஷன் இத்தனை வருஷத்தில் ஒருதரம்கூட யூலான் என்று சொன்னதில்லை. இது எப்படி இதுவரை உறைக்காமல் போனது என்று அவளுக்கே வெட்கமாக இருந்தது.

"என் பேரு உனக்குத் தெரியுமா, தெரியாதா?" என்றாள். அவளுக்கு எப்போதுமே கட்டைக்குரல். அப்போது இன்னும் கட்டையாக வந்தது. "அவ பேரு தூக்கத்துலேருந்து எந்திரிச்சாக்கூட வாயில வருது. என் பேரு நின்னு நிதானமாக் கேட்டாலும் வர மாட்டேங்குது. நான் யாரு உனக்கு? காலியாக் கிடந்த நாற்காலியில புடிச்சு உக்கார வெச்ச ஆளா?"

அன்று மத்தியானமே அவள் பையில் துணிகளை எடுத்துவைத்தாள். செங்டூ நகரத்தில் தங்கை இருக்கிறாள். போகிற வழியில் விடுதிப் பள்ளியில் நிங்நிங்கைப் பார்த்துக்கொள்ளலாம். புதன்கிழமைக் காலை பஸ்ஸில் போகிறேன் என்று அறிவித்தாள். எத்தனை நாளைக்கு என்று அவன் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. திரும்பி வருவோமா என்று அவளுக்கே தெரியாது.

பாங் அக்காவுக்குச் சேதி போகாமல் இருக்குமா? நாக்கு தவறியதில் தனக்கும் பங்கு உண்டு என்று அவளுக்கு உறுத்தல் வேறு. படியிறங்கி வந்து பையைத் தூக்கிக் கட்டிலடியில் தள்ளினாள்.

"நீ பயந்துபோயிருக்கே, அதான் விஷயம். உன் உயிரு அந்தத் திருப்பத்துலயே நின்னுபோச்சு. உடம்பு மட்டும் சதுக்கத்துக்குப் போயிட்டு வந்திருக்கு. அதான் தூக்கமும் இல்ல, டோஃபுவும் உருப்படலை. உயிரைக் கூப்பிட்டு அழைச்சுக்கணும்."

"அது சின்னப் புள்ளைங்களுக்குப் பண்றதுக்கா."

"பெரியவங்களுக்கு உயிரு இல்லியா? கேளு. நீ அந்தத் திருப்பத்துல நில்லு. அவன் வாசப்படியில நின்னு, உன் சட்டையைக் கையில ஏந்திக்கிட்டு, உன் பேரைச் சொல்லித் திரும்பி வான்னு கூப்பிடணும். நீ வந்துட்டேன்னு சொல்லி ஏறி வரணும். அவ்வளவுதான். வீட்டு ஆம்பளை கூப்பிட்டா நல்லது." கொஞ்சம் நிறுத்திவிட்டு பாவ்செங் பக்கம் திரும்பினாள். "பேரை மட்டும் சரியாச் சொல்லணும்டா. தப்பான பேரைச் சொன்னா தப்பான ஆளு படியேறி வந்துடும்."

பாவ்செங் மென்று விழுங்கினான். நாளைக்குச் செய்யலாம் என்றான். மறுநாள் சாயங்காலம் அவன் வேலையிலிருந்து நேரத்துக்கு வரவில்லை. தான் ஓட்டும் வண்டிக்கு பேட்டரி ஏறவில்லை என்று ஒரு சாக்கோடு இருட்டியபிறகு வந்தான். யூலான் கட்டிலடியிலிருந்து பையை மறுபடி இழுத்து வெளியே வைத்தாள்.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் அவள் கடையைப் பாதியில் சாத்திவிட்டுச் சதுக்கத்துக்குப் போனாள். பாவ்செங் ஓட்டுவது சுற்றுலாக்காரர்களை ஏற்றிக்கொண்டு, இடிந்தபடியே காட்சிக்கு விட்டுவைத்திருக்கிற பழைய ஊரின் வாசல்வரை போய்த் திரும்பும் பேட்டரி வண்டி. வண்டி கிளம்புகிற சமயத்தில் அவள் ஏறி அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"டிக்கெட்..." என்று பழக்கதோஷத்தில் ஆரம்பித்துவிட்டுத் திரும்பிப் பார்த்தான்.

"எடுக்கல. இறக்கிவிடு பாப்போம்."

பின்னால் வெயில் தொப்பி போட்ட பெண்களும், சுட்ட சாசேஜைக் குச்சியோடு கடித்துக்கொண்டிருந்த ஒரு தடித்த ஆளும் இருந்தார்கள். ஒலிபெருக்கியில் பதிவு செய்த பெண்குரல் எங்கள் ஊரின் துக்கத்தை இனிமையாகச் சொல்லிக்கொண்டு வந்தது. யூலான் அதைவிடச் சத்தமாகப் பேச வேண்டியிருந்தது.

"கூப்பிடுவியா, மாட்டியா?"

"கூப்பிடுவேன். வாய் தவறிடுச்சுன்னா?"

"ஏன் தவறணும்?"

அவன் வண்டியை வளைவில் திருப்பினான்.

"ரெண்டு பேருக்கும் கடைசியில லான். முன்னாடி மட்டும்தான் வேற. முகாம்ல முதல் நாள் உன்னைக் கூப்பிட வாயெடுத்தேன். அவ பேரு பாதி வந்துடுச்சு. நல்லவேளை, நீ கவனிக்கலை, முழுங்கிட்டேன். அன்னிக்கே முடிவு பண்ணேன், இனிமே பேரே வேண்டாம்னு. ஏய்னு கூப்பிட்டா தப்பே வராதில்ல?"

"இந்த ஒரு பயத்துக்கா இத்தனை வருஷமா ஏய் ஏய்னு கூப்பிட்டே? நான் என்ன எருமையா?"

பின்னால் தொப்பிக்காரிகள் களுக்கென்று சிரித்தார்கள். சாசேஜ்காரர் முன்னால் சாய்ந்து, "தம்பி, கொஞ்சம் மெதுவா ஓட்டுப்பா, எங்களுக்கும் கேக்கட்டும்" என்றார். யூலான் திரும்பி முறைத்த முறைப்பில் அவர் சாசேஜைக் கடிப்பதையே நிறுத்திவிட்டார்.

பழைய ஊரின் வாசலில் எல்லாரும் இறங்கிப் போனார்கள். பாவ்செங் இறங்கவில்லை. ஒருநாளும் இறங்கமாட்டான் என்று யூலானுக்குத் தெரியும். வண்டியைத் திருப்பி நிறுத்திவிட்டு, மலைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பான். அவளும் அந்தப் பக்கம் பார்க்கவில்லை.

"அன்னிக்கு எல்லாரும் கத்தினாங்க இல்ல?" என்றான் திடீரென்று.

அவளுக்குத் தெரியாதா? சரிந்த மண்மேல் ஏறி நின்றுகொண்டு ஊரில் மிஞ்சியவர்கள் அத்தனை பேரும் ஆளுக்கொரு பெயரைக் கத்தினார்கள். ராணுவத்துக்காரர்கள் விசில் ஊதினால் எல்லாரும் வாயை மூடிக்கொள்ள வேண்டும். கீழேயிருந்து பதில் கேட்கிறதா என்று காதைச் சாய்த்துக்கொண்டு நிற்க வேண்டும். பதில் வந்த இடத்தில் தோண்டுவார்கள். யூலான் தன் இரண்டு பெயர்களையும் தொண்டை கிழியும்வரை கத்தினாள். அவள் குரல் கட்டையானது அங்கேதான். பதில் வரவில்லை.

"நான் கத்தலை" என்றான் பாவ்செங். "வாயைத் திறந்தேன். சத்தமே வரலை. தொண்டை பூட்டிக்கிச்சு. அந்த இடத்துல யாரும் பேரு சொல்லலைன்னு அவங்க வேற பக்கம் போயிட்டாங்க. அவ கீழ இருந்து கேட்டுக்கிட்டே இருந்தாளோ என்னவோ. என்னை ஏன் கூப்பிடலைன்னு நெனைச்சிருப்பா."

யூலானுக்கு அவனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. கோபமும் அப்படியே இருந்தது. இத்தனை வருஷம் பக்கத்தில் படுத்துக்கொண்டு இதை ஒரு நாளும் சொல்லவில்லையே என்று அது இன்னும் கூடித்தான் போனது. அவன் கையைத் தொடலாமா என்று நினைத்தாள், தொடவில்லை.

"இன்னிக்குச் சாயங்காலம் கூப்பிடு" என்றாள். "இல்லேன்னா காலையில பஸ் ஏறிடுவேன். திரும்பி வருவேன்னு சொல்ல மாட்டேன்."

"தப்பாயிடுச்சுன்னா?"

"அப்பப் பாத்துக்கலாம்."

பொழுது சாயும்போது பாங் அக்கா வந்து பொறுப்பை ஏற்றுக்கொண்டாள். ஒரு கிண்ணத்தில் அரிசி, அதன்மேல் ஒரு முட்டை, பக்கத்தில் ஊதுபத்தி. யூலானின் நீலச் சட்டையைப் பாவ்செங்கின் இரண்டு கைகளிலும் விரித்து வைத்தாள். யாரையும் அழைக்கவில்லைதான். ஆனால் எல்லா மாடியிலும் கதவுகள் ஒருக்களித்துத் திறந்திருந்தன. லூ கடையைச் சாத்திவிட்டு வந்து கீழ்ப்படியில் உட்கார்ந்துகொண்டான். யூலான் திருப்பத்தில் போய் நின்று கைப்பிடியைப் பிடித்துக்கொண்டாள். இவ்வளவு பெரிய மனுஷி, குழந்தை மாதிரி இங்கே வந்து நிற்கிறோமே என்று சிரிப்பு வந்தது.

"ம், கூப்பிடு" என்றாள் பாங் அக்கா.

பாவ்செங் மூச்சை இழுத்தான். கண்ணை இறுக மூடிக்கொண்டான்.

"ஹுய்லான்! ஹுய்லாய்!"

இந்தத் தடவை மேல்பள்ளத்தாக்கு மூக்கு ஒன்றையும் மறைக்கவில்லை. ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக, தெளிவாக, படிக்கட்டு முழுக்கக் கேட்டது.

பாங் அக்கா வாயைப் பொத்திக்கொண்டாள். கீழ்ப்படியில் லூ தலையைக் குனிந்துகொண்டான். பாவ்செங் கண்ணைத் திறந்தான். தான் என்ன சொன்னோம் என்று அவனுக்குப் புரிந்துவிட்டது. ஆனால் மன்னிப்புக் கேட்கவில்லை, யூலானைப் பார்க்கவும் இல்லை. தலையை ஒரு பக்கமாகச் சாய்த்தபடி அப்படியே நின்றான்.

அந்தச் சாய்ந்த தலையை யூலானுக்குத் தெரியும். மண்மேட்டில் விசில் ஊதியபிறகு எல்லாரும் அப்படித்தான் நின்றார்கள். அவளும் அப்படித்தான் நின்றாள். கூப்பிட்டுவிட்டுக் காத்திருப்பது எப்படி இருக்கும் என்று அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அன்றைக்கு அவளுக்குப் பதில் சொல்ல யாரும் இல்லை. யாராவது, எவளாவது, ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும் என்று எத்தனையோ ராத்திரி நினைத்திருக்கிறாள். பை மேலே தயாராக இருக்கிறது, படி கீழே போகிறது. அவள் போகவில்லை.

"வந்துட்டேன்!" என்றாள். கட்டடத்தில் இருக்கிற எல்லாருக்கும் கேட்கிற மாதிரி.

"ஐயோ, நீ ஏண்டி பதில் சொல்றே?" என்று பாங் அக்கா பதறினாள். "அது உன் பேரு இல்லடி!"

"தெரியும்க்கா. அவளுக்கு வேற யாரு சொல்லுவா?"

பாவ்செங் வாசப்படியில் உட்கார்ந்துவிட்டான். சட்டையை முகத்தில் பொத்திக்கொண்டு அழுதான். தேம்பல் இல்லை, வாய்விட்ட அழுகை. யாரும் கதவைச் சாத்தவில்லை. மூக்கை உறிஞ்சும் சத்தம் ஒவ்வொரு மாடியிலிருந்தும் வந்தது. யூலானுக்கும் கண் நிறைந்தது. ஆனாலும் திருப்பத்தை விட்டு அவள் ஒரு படி ஏறவில்லை. அவன் ஓயட்டும் என்று நின்றாள்.

"அழுது முடிச்சுட்டியா?" என்று கேட்டாள் பிறகு. "அவ வந்துட்டா. நான் இன்னும் இங்கதான் நிக்கிறேன்."

அவன் அவள் சட்டையிலேயே மூக்கைத் துடைத்துக்கொண்டு எழுந்தான். வாயைத் திறந்தான். முதலில் காற்றுதான் வந்தது.

"யூலான்" என்றான், பக்கத்தில் நிற்பவளிடம் சொல்கிற மாதிரி மெதுவாக.

வாலை மூக்கில் விட்டுவிட்டதால் "யூலா" என்றுதான் கேட்டது. தன் பெயர் இப்படியும் இருக்குமா என்று அவளுக்கு ஆச்சரியமாக இருந்தது. அம்மா கூப்பிட்ட மாதிரியும் இல்லை, முதல் புருஷன் கூப்பிட்ட மாதிரியும் இல்லை. புதுசாக இருந்தது.

"யூலான்! ஹுய்லாய்!" இந்தத் தடவை உரக்கவே வந்தது.

பாங் அக்கா மேலேயிருந்து கையை ஆட்டி ஆட்டிச் சைகை செய்தாள். "பதில் சொல்லுக்கா" என்று கீழேயிருந்து லூ கிசுகிசுத்தான். யூலானுக்குக் கால் பரபரத்தது. கைப்பிடியை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, இன்னொரு தடவை கூப்பிடட்டும் என்று பேசாமல் நின்றாள்.